மௌனக் காலத் தொழிற்படங்களை உங்கள் ஆவணப்படத்தில் சேர்ப்பது எப்படி: தேடல் முதல் மாஸ்டர் கோப்பு வரை

நெசவாலை, நிலக்கரிச் சுரங்கம், வார்ப்பாலை, பிஸ்கட் தொழிற்சாலை, மீன்பிடித் துறை என்று மனிதர்களின் அன்றாட வேலையைப் பதிவுசெய்த குறும்படங்கள் 1895 முதல் 1920களின் இறுதி வரை ஏராளமாக எடுக்கப்பட்டன. அவற்றில் எஞ்சியிருப்பவை பெரும்பாலும் அமெரிக்க, ஐரோப்பியக் காப்பகங்களில் உள்ளன. உழைப்பின் வரலாறு, இயந்திரங்கள், நகரங்கள் பற்றி ஆவணப்படம் எடுப்பவர்களும் கண்காட்சி அமைப்பவர்களும் இந்தக் காட்சிகளைத் தேடிப் போகிறார்கள். எங்கே கேட்பது, யாருக்குப் பணம் கொடுப்பது, எந்தத் தாளைக் கேட்டு வாங்குவது என்பதைத் தமிழில் ஒரே இடத்தில் சொல்லும் குறிப்பு எதுவும் எனக்குக் கிடைக்கவில்லை. ஆகவே, ஒவ்வொரு அலுவலகத்துடனும் மடலாடி மெல்ல மெல்லத் தெரிந்துகொண்டவற்றை, இப்போதுதான் தொடங்குகிறவர்களுக்காக வரிசைப்படுத்தி எழுதுகிறேன்.

தொடங்கும் முன் ஒன்றை மனத்தில் இருத்திக்கொள்ளுங்கள். படத்தின் உரிமை வேறு, படத்தின் பிரதி வேறு. நூறாண்டுக்கு முந்தைய படத்தின் பதிப்புரிமை முடிந்திருந்தாலும், அதன் நல்ல பிரதி ஒரு நிறுவனத்தின் கிடங்கில் இருந்தால் அந்தப் பிரதிக்கு நீங்கள் கட்டணம் செலுத்த வேண்டியிருக்கும். பிரதி இணையத்தில் இலவசமாகக் கிடைத்தாலும், உரிமை வேறொருவரிடம் இருக்கலாம். செலவுக் கணக்கைத் தொடக்கத்திலிருந்தே இந்த இரண்டு தலைப்புகளில் தனித்தனியாக எழுதிவந்தால், கீழே வரும் சிக்கல்களில் பாதி உங்களுக்கு நேராது.

1. பயன்பாட்டுத் தாளை முதலில் தயார்செய்யுங்கள்

எந்தக் காப்பகத்துக்கு எழுதினாலும் முதல் பதிலாக வருவது ஒரு கேள்விப் பட்டியல்தான். படத்தின் பெயர் என்ன, எத்தனை நிமிடம், தயாரிப்பாளர் யார், எத்தனை வினாடிக் காட்சி வேண்டும், எந்த ஊடகத்தில் வெளியாகும், எந்த நாடுகளில், எத்தனை ஆண்டுகளுக்கு என்று கேட்பார்கள். இவற்றுக்கு விடை இல்லாமல் "பழைய தொழிற்சாலைக் காட்சிகள் வேண்டும்" என்று மட்டும் எழுதினால், பதில் வருவதற்கே வாரக்கணக்கில் காத்திருக்க நேரும். ஆகவே ஒரு பக்கக் கதைச்சுருக்கம், தயாரிப்பு நிறுவனத்தின் அல்லது கல்லூரியின் முகப்புத்தாளில் எழுதிய கடிதம், மேற்சொன்ன கேள்விகளுக்கான விடைகள் ஆகிய மூன்றையும் ஒரே பிடிஎஃப் கோப்பாக்கி வைத்துக்கொள்ளுங்கள். மாணவராக இருந்தால் துறைத் தலைவரின் கடிதத்தையும் இணையுங்கள். பல காப்பகங்கள் மாணவர்களுக்கும் கல்வி நிறுவனங்களுக்கும் தனிக் கட்டணம் வைத்திருக்கின்றன, ஆனால் கேட்காதவர்களுக்கு அதை அவர்களாகச் சொல்வதில்லை.

பயன்பாட்டைக் குறிக்கும் இடத்தில் "எல்லா ஊடகமும், உலகம் முழுவதும், நிரந்தரமாக" என்று எழுதிவிடத் தோன்றும். அதுவே மிகவும் விலை கூடிய வகை. திரைப்பட விழாக்களில் மட்டும் காட்டுவதற்கான விலையை முதலில் கேளுங்கள். தொலைக்காட்சியோ ஓடிடி தளமோ படத்தை எடுத்துக்கொண்டால் கூடுதலாக எவ்வளவு தர வேண்டும் என்பதையும் அதே மடலில் கேட்டு, எழுத்தில் வாங்கிவிடுங்கள். படம் விற்ற பிறகு போய்க் கேட்டால், பேரம் பேசும் நிலையில் நீங்கள் இருக்க மாட்டீர்கள்.

2. சரியான இடத்தில், சரியான சொல்லால் தேடுங்கள்

ஆவணப்படம் என்ற வகைப்பெயர் 1920களின் பிற்பகுதிக்குப் பிறகே பரவியது. அதனால் காப்பகப் பட்டியல்களில் "டாக்குமெண்டரி" என்று தட்டினால் நீங்கள் தேடும் காலத்துப் படங்கள் மிகக் குறைவாகவே வரும். "ஆக்சுவாலிட்டி" (நடப்பதை அப்படியே பதிவுசெய்த படம்), "இண்டஸ்ட்ரியல்" (தொழிற்படம்), "டாபிகல்" (அன்றைய நிகழ்வுப் படம்), "ஃபேக்டரி கேட்" (ஆலை வாயிற்படம்) ஆகிய சொற்களையும், தொழிலின் பெயரையும், ஊரின் பெயரையும், ஆலையின் பெயரையும் மாற்றி மாற்றி இட்டுத் தேட வேண்டும். பிரெஞ்சுக் காப்பகங்களில் பிரெஞ்சுச் சொல்லையே இட வேண்டும்.

பணம் குறைவாக உள்ளவர் வாஷிங்டனில் உள்ள அமெரிக்க நாடாளுமன்ற நூலகத்திலிருந்து, அதாவது லைப்ரரி ஆஃப் காங்கிரஸிலிருந்து, தொடங்குவது நல்லது. அமெரிக்கச் சட்டத்தில் 1912 வரை திரைப்படத்துக்கெனத் தனிப் பதிவு இல்லாததால், தயாரிப்பாளர்கள் படத்தைக் காகிதச் சுருளில் அச்சிட்டு, புகைப்படம் என்ற பெயரில் பதிவுசெய்தார்கள். மூலச் சுருள்கள் அழிந்தபோதும் அந்தக் காகிதச் சுருள்கள் பிழைத்தன. வேலையைக் காட்டும் படங்களில் இந்தத் தொகுப்பின் சிறப்பான பகுதி, பிட்ஸ்பர்க் வட்டாரத்து வெஸ்டிங்ஹவுஸ் ஆலைகளில் 1904இல் பயோகிராஃப் நிறுவனத்துக்காக பில்லி பிட்சர் படம்பிடித்த வரிசையாகும். அதில் 21 படங்களை நூலகத் தளத்தில் காணலாம், கட்டணமின்றித் தரவிறக்கலாம். சுருள்கம்பி சுற்றும் பெண்கள், நீராவிச் சம்மட்டி, உலையைத் திறந்து உருகிய இரும்பை வடிக்கும் தொழிலாளர்கள், மின்னாக்கியைப் பூட்டும் பகுதி என்று ஒரு பெரிய ஆலையின் உட்புறமே அங்கே இருக்கிறது.

உட்புறம் என்று அழுத்திச் சொல்வதற்குக் காரணம் உண்டு. புதியவர்கள் பெரும்பாலும் இடறுவது இங்கேதான். "தொழிற்சாலை" என்று தேடினால் வரும் 1900ஆம் ஆண்டை ஒட்டிய படங்களில் மிகப் பல, தொழிலாளர்கள் ஆலையின் வாயிலைவிட்டு வெளியே வரும் காட்சிகளே. லூமியேர் சகோதரர்களின் 1895ஆம் ஆண்டுப் படமும் அதுதான். இங்கிலாந்தின் பிளாக்பர்ன் நகரத்து மிட்செல் அண்ட் கென்யன் நிறுவனத்தின் படங்களில் ஒரு பெரும்பகுதியும் அதுதான். சந்தையில் கொட்டகை போட்டுப் படம் காட்டியவர்கள், தங்கள் முகத்தைத் திரையில் பார்க்கத் தொழிலாளர்கள் காசு கொடுத்து வருவார்கள் என்று கணக்கிட்டு அவற்றை எடுக்கச் சொன்னார்கள். ஆலைக்குள் போதிய வெளிச்சம் இல்லாததும் ஒரு காரணம். வெஸ்டிங்ஹவுஸ் படங்களில் உட்புறம் தெரிவதற்கு, அங்கே கொண்டுவந்து ஏற்றிய கூப்பர் ஹெவிட் பாதரச ஆவி விளக்குகளே காரணம். ஆகவே உங்களுக்குக் கைகளும் கருவிகளும் வேலை செய்யும் காட்சி வேண்டுமானால், விவரக்குறிப்பில் உட்புறம் பற்றிய சொற்கள் இருக்கின்றனவா என்று பார்க்காமல் எதையும் பட்டியலில் சேர்க்காதீர்கள்.

பிரிட்டனில் முதன்மையான இடம் லண்டனைத் தலைமையிடமாகக் கொண்ட பிரிட்டிஷ் ஃபிலிம் இன்ஸ்டிட்யூட், சுருக்கமாக பிஎஃப்ஐ. மிட்செல் அண்ட் கென்யனின் சுமார் 800 நெகட்டிவ் சுருள்கள் அங்கேதான் உள்ளன. ஒரு தொழிலைத் தொடக்கம் முதல் இறுதி வரை படிப்படியாகக் காட்டும் படம் வேண்டுமென்றால், பீக் ஃப்ரீன் பிஸ்கட் ஆலையைப் பற்றிய 1906ஆம் ஆண்டுப் படமும், விகன் பகுதியில் கினெட்டோ நிறுவனம் எடுத்த நிலக்கரித் தொழிலாளியின் ஒருநாள் பற்றிய 1910ஆம் ஆண்டுப் படமும் நல்ல தொடக்கம். பின்னதில் சுரங்க வாயிலில் நிலக்கரியைப் பிரித்தெடுக்கும் பெண்களைப் பார்க்கலாம். படத்தின் முடிவில் அந்த நிலக்கரி ஒரு வசதியான வீட்டின் கணப்பை வந்தடைகிறது. பிஎஃப்ஐ பிளேயர் என்னும் இணையதளம் பிரிட்டனுக்கு வெளியே இயங்காது. இந்தியாவிலோ இலங்கையிலோ இருப்பவர்கள் பிஎஃப்ஐயின் யூடியூப் பக்கத்தில் தேட வேண்டும், அங்கே இல்லாவிட்டால் மாதிரிப் பிரதி, அதாவது பார்த்துத் தேர்வதற்கான பிரதி, கேட்டு எழுத வேண்டும்.

பாரிஸை அடுத்துள்ள ஆல்பெர் கான் அருங்காட்சியகத்திலும் ஆம்ஸ்டர்டாமின் ஐ ஃபிலிம் மியூசியத்திலும் பல நாட்டுத் தொழிற்காட்சிகள் உள்ளன. கோமோன் பத்தே காப்பகம் கணக்குத் தொடங்கியவர்களுக்கு மட்டுமே தன் பட்டியலை முழுமையாகத் திறக்கிறது. ஃபோர்டு மோட்டார் நிறுவனம் எடுத்த தொழிற்படங்கள் 1963இல் அமெரிக்கத் தேசிய ஆவணக் காப்பகத்துக்குக் கொடையாக வந்தன. அதன் தளத்தில் ஒவ்வொரு படத்துக்கும் "பயன்பாட்டுக் கட்டுப்பாடு" என்று ஒரு கட்டம் இருக்கும், அதை வாசித்த பிறகே தரவிறக்குங்கள். இந்தியா, இலங்கை பற்றிய காட்சிகளைத் தேடுகிறவர்கள் பிரிட்டிஷ் காலனிகள் பற்றிய படங்களுக்கான "கலோனியல் ஃபிலிம்" என்ற கூட்டுப் பட்டியலில் தொடங்கலாம். அதில் ஆறாயிரத்துக்கும் மேற்பட்ட படங்களின் விவரங்கள் உள்ளன, ஆனால் இணையத்திலேயே பார்க்கக்கூடியவை அவற்றில் ஒரு சிறு பங்குதான்.

பட்டியலில் உள்ள தலைப்பை அப்படியே நம்பிவிடாதீர்கள். 1899ஆம் ஆண்டின் "கல்கத்தா அகலக்காட்சி" என்று பெயரிடப்பட்ட படத்தில் தெரிவது வாரணாசியின் படித்துறைகள். ஒரு பெரிய நகரத்தின் பெயரே இப்படி மாறியிருக்கும்போது, பெயர் தெரியாத ஒரு தறிக்கூடத்தின் இடக்குறிப்பை எவ்வளவு நம்பலாம் என்று எண்ணிப்பாருங்கள். உங்கள் பின்னணிக் குரலில் ஊர்ப்பெயரைச் சொல்வதாக இருந்தால், கட்டடம், உடை, பெயர்ப்பலகை ஆகியவற்றைக் கொண்டு தனியாகச் சரிபாருங்கள். இன்னொன்றும் உண்டு. ஆலையின் பெயரோடு வரும் படங்களில் பல, முதலாளி பணம் கொடுத்தோ அனுமதி கொடுத்தோ எடுக்கப்பட்டவை. அவற்றில் விபத்தும் கூலித் தகராறும் தென்படாது. அந்தக் காட்சியை "அன்றைய தொழிலாளர் வாழ்க்கை" என்று அறிமுகப்படுத்தும் முன் யார் எடுக்கச் சொன்னது என்று பாருங்கள்.

3. கையில் இருப்பது எந்தப் பிரதி என்று கண்டறியுங்கள்

ஒரே படத்துக்குப் பல வடிவங்களும், ஒரே வடிவத்துக்குப் பல பிரதிகளும் இருக்கும். லூமியேரின் ஆலை வாயிற்படத்துக்கு மூன்று வடிவங்கள் உண்டு. ஒன்றில் ஒற்றைக் குதிரை வண்டி வரும், ஒன்றில் இரட்டைக் குதிரை வண்டி, ஒன்றில் குதிரையே இல்லை. நீங்கள் பார்த்துப் படத்தொகுப்பில் சேர்த்தது ஒன்றாகவும், ஆர்டர் செய்து வந்து சேர்வது வேறொன்றாகவும் ஆகிவிடாமலிருக்க, படப்பெயரோடு காப்பகத்தின் பட்டியல் எண்ணையும் சேமிப்பு எண்ணையும் சேர்த்தே எழுத வேண்டும்.

அமெரிக்கக் காகிதச் சுருள்களை 1950களிலிருந்து 16 மிமீ படச்சுருளுக்கு மாற்றினார்கள். இணையத்தில் உலவும் மங்கலான பிரதிகளில் கணிசமானவை அந்த வழியில் வந்தவை. சில படங்களுக்குப் பின்னாளில் 35 மிமீ பிரதியும் எடுக்கப்பட்டது. பட்டியல் பதிவின் கீழ்ப்பகுதியில் எந்தெந்த அளவில் எந்தெந்தப் பிரதி இருக்கிறது என்று தனித்தனியாகக் குறித்திருப்பார்கள். புதியவர்கள் அந்தப் பகுதியை வாசிக்காமல் கடந்துவிடுகிறார்கள், ஆனால் ஆர்டருக்கு வேண்டிய விவரம் முழுவதும் அங்கேதான் இருக்கிறது.

பிரதியின் தரத்தை நீங்களே சோதிக்க இரண்டு எளிய வழிகள் உண்டு. முதலாவது, இடப்பக்க ஓரத்தைப் பாருங்கள். மௌனப் படங்களில் ஒலித்தடம் கிடையாது என்பதால், இன்று ஒலிக்கு ஒதுக்கப்படும் இடத்திலும் காட்சி பதிவாகியிருக்கும். பிற்காலத்தில் ஒலிப்படச் சட்டகத்தின் வழியே பிரதியெடுத்திருந்தால் இடப்பக்கம் வெட்டுப்பட்டிருக்கும், சில சமயம் தலைகளும் அறுபட்டிருக்கும். ஓரத்தில் நிற்கும் தொழிலாளி பாதி உடலோடு தெரிந்தால், வேறு பிரதி உண்டா என்று கேளுங்கள். இரண்டாவது, வேகம். கையால் சுழற்றிய கேமராக்களில் வினாடிக்கு 16 ஃபிரேம், அதாவது 16 தனிப்படங்கள், என்பது பொதுவான கணக்கு, சற்றுக் கூடியும் குறைந்தும் இருக்கும். அதை 24 ஃபிரேம் வேகத்தில் ஓட்டினால் எல்லாரும் ஒன்றரை மடங்கு வேகத்தில் துள்ளித் துள்ளி நடப்பார்கள். வெஸ்டிங்ஹவுஸ் வரிசையில் பெண் தொழிலாளர்கள் ஒருவர் பின் ஒருவராக வந்து வேலைக்கு வந்ததைக் குறிக்கும் தங்கள் நேர வில்லையை எடுத்துக்கொண்டு போகும் படத்தை ஓடவிட்டு, பாவாடையின் அசைவையும் காலடியின் வேகத்தையும் பாருங்கள். உடல் கனமாக, நிலத்தில் ஊன்றி நடப்பதாகத் தோன்றும் வேகமே ஏறத்தாழச் சரியான வேகம்.

யூடியூபில் வண்ணமூட்டி, வினாடிக்கு 60 ஃபிரேமாக்கி, தெருவோசையும் சேர்த்துப் பதிவேற்றிய பிரதிகளை ஆவணப்படத்துக்குள் எடுக்காதீர்கள். அவற்றின் நிறங்கள் மென்பொருளின் ஊகம், இடைப்பட்ட ஃபிரேம்களும் மென்பொருள் வரைந்தவை. வேலை செய்யும் கையின் நுட்பமே உங்கள் படத்தின் பொருளாக இருக்கும்போது, கணினி வரைந்த விரல்களைச் சான்றாகக் காட்ட முடியாது. அதோடு, அந்த மாற்றங்களுக்கும் சேர்த்த ஒலிக்கும் பதிவேற்றியவர் உரிமை கோரலாம்.

நேரில் பார்க்க விரும்புகிறவர்கள்: வாஷிங்டன் நூலகத்தில் பாஸ்போர்ட்டைக் காட்டி, கட்டணமின்றி வாசகர் அட்டை பெறலாம். படச்சுருள்கள் வர்ஜீனியா மாநிலத்தின் கல்பெப்பர் கிடங்கிலிருந்து வர வேண்டும் என்பதால், முன்பதிவு இல்லாமல் போனால் எதையும் பார்க்க முடியாது. லண்டனில் பிஎஃப்ஐயின் சவுத்பேங்க் மீடியாதேக்கில் கணினியில் ஏற்றப்பட்ட படங்களை இலவசமாகப் பார்க்கலாம். கிடங்கிலிருந்து எடுத்துக் காட்டுவதற்குத் தனிக் கட்டணமும் முன்பதிவும் உண்டு.

4. பதிப்புரிமையை நாடுவாரியாகப் பாருங்கள்

"நூறு வருடப் படம்தானே, உரிமை எப்போதோ போயிருக்கும்" என்ற பேச்சை நம்பி வேலையைத் தொடங்க வேண்டாம். அமெரிக்காவில், மௌனக் காலத்தில் வெளியான படத்துக்கு அதிகபட்சம் 95 ஆண்டுகள். 1929இல் வெளியான படங்கள் 2025 ஜனவரி 1 அன்று விடுபட்டன, ஒவ்வொரு ஜனவரியிலும் அடுத்த ஆண்டின் படங்கள் விடுபடும். இந்தியாவில் திரைப்படத்துக்கு, வெளியான ஆண்டுக்கு அடுத்த ஆண்டின் தொடக்கத்திலிருந்து 60 ஆண்டுகள். ஐரோப்பிய ஒன்றிய நாடுகளில், இயக்குநர், திரைக்கதை ஆசிரியர், வசனகர்த்தா, அந்தப் படத்துக்கென்றே இசையமைத்தவர் ஆகியோரில் கடைசியாக இறந்தவரின் மறைவுக்குப் பிறகு 70 ஆண்டுகள். ஆகவே 1910இல் இளைஞராக இருந்து எடுத்து, 1960இல் மறைந்த ஒருவரின் படம் சென்னையிலும் நியூயார்க்கிலும் விடுபட்டிருக்க, பாரிஸ் விழாவில் காட்டும்போது உரிமைக் கேள்வி எழலாம். பிரிட்டனின் பழைய படங்களுக்கு 1957க்கு முந்தைய சட்டமும் குறுக்கிடுவதால், அங்கே வெளியிடுகிறவர்கள் காப்பகத்திடமே எழுத்தில் கேட்டுவிடுவது பாதுகாப்பு.

இந்தக் கணக்குகளில் "வெளியான ஆண்டு" என்பது முக்கியம். எடுத்த ஆண்டு வேறு. பிரெஞ்சு வங்கியாளர் ஆல்பெர் கான் எடுக்கச்செய்த படங்கள் அழைக்கப்பட்ட சிலருக்கு மட்டுமே காட்டப்பட்டன, திரையரங்குகளுக்கு வரவில்லை. ஆலைகள் தங்கள் விற்பனையாளர்களுக்குக் காட்டுவதற்கு மட்டும் எடுத்துக்கொண்ட படங்களும் உண்டு. இத்தகைய படங்களுக்கு வெளியீட்டு ஆண்டை வைத்துச் சொல்லும் எளிய விதி பொருந்தாது.

பின்னணி இசையையும் தனியாகப் பாருங்கள். மௌனப் படத்தின் மீது நீங்கள் கேட்கும் பியானோ இன்றைய கலைஞர் ஒருவர் வாசித்ததாகவே பெரும்பாலும் இருக்கும், அதன் உரிமை உயிரோடு இருக்கும். எப்போதும் இசையில்லாத கோப்பையே கேளுங்கள்.

லைப்ரரி ஆஃப் காங்கிரஸ் பொதுவாகத் தன் தொகுப்பிலுள்ள படங்களுக்கு உரிமை கொண்டாடுவதில்லை. அதனாலேயே அனுமதிக் கடிதமும் தருவதில்லை. விழாவோ ஓடிடி தளமோ உங்களிடம் உரிமைச் சான்று கேட்டால், நூலகத்தின் பதிவுப் பக்கத்தைத் தேதியோடு பிடிஎஃப் ஆக்கி, பதிவுசெய்யப்பட்ட ஆண்டையும் சட்டக் கணக்கையும் ஒரு பக்கத்தில் எழுதி இணைத்துக் கொடுக்கலாம். இந்தப் பக்கத்தைப் படத்தொகுப்பு நடக்கும்போதே தயாரித்து வைத்துவிடுங்கள். இன்னொரு எச்சரிக்கை: காட்சிகளை விற்கும் ஒரு வணிகத் தளத்தில், நூலகம் இலவசமாகத் தரும் அதே ஆலைக் காட்சியை வினாடிக் கணக்கில் விலையிட்டு வைத்திருந்ததைப் பார்த்தேன். சட்டப்படி அதில் தவறு இல்லாமலிருக்கலாம், ஆனால் வாங்குகிறவருக்கு அது தேவையற்ற செலவு. பணம் கட்டுமுன் படப்பெயரை மூலக் காப்பகத்தில் ஒருமுறை தேடிப்பாருங்கள்.

5. விலைப்புள்ளி கேளுங்கள், அதில் மறைந்திருப்பதைப் படியுங்கள்

கட்டணம் வசூலிக்கும் காப்பகத்தின் விலைப்புள்ளியில் பொதுவாகத் தேடல் கட்டணம், மாதிரிப் பிரதிக் கட்டணம், ஆய்வகக் கட்டணம், உரிமக் கட்டணம் என்று நான்கு வரிகள் இருக்கும். முதல் மூன்றும் படத்தைப் பயன்படுத்தினாலும் பயன்படுத்தாவிட்டாலும் திரும்ப வராதவை. உரிமக் கட்டணம் மட்டுமே இறுதி நீளத்தைப் பொறுத்தது.

கவனிக்க வேண்டியது குறைந்தபட்ச நீளம். வினாடிக்கு இவ்வளவு என்று விலை சொன்னாலும், குறைந்தது 30 வினாடிக்கோ ஒரு நிமிடத்துக்கோ கட்டியாக வேண்டும் என்ற விதி இருக்கும். அந்தக் குறைந்தபட்சம் ஒவ்வொரு படத்துக்குமா, மொத்தத் திட்டத்துக்குமா என்று கேளுங்கள். மூன்று படங்களிலிருந்து எட்டெட்டு வினாடி எடுக்கிறீர்கள் என்று வையுங்கள். மொத்தம் 24 வினாடிதான், ஆனால் படத்துக்கு 30 வினாடிக் குறைந்தபட்சம் என்றால் 90 வினாடிக்குக் கட்டணம் வரும். அப்படியானால் ஒரே காப்பகத்தின் ஒரே படத்திலிருந்து அதிகக் காட்சி எடுக்கும்படி படத்தொகுப்பை மாற்றுவது சிக்கனம். முன்னோட்டம், சமூக ஊடகத் துணுக்கு, சுவரொட்டி நிழற்படம் ஆகியவை உரிமத்தில் அடங்குமா என்பதையும் கேட்டுக்கொள்ளுங்கள், பல உரிமங்களில் அவை அடங்குவதில்லை.

ஆய்வகக் கட்டணத்தைக் குறைக்க வேண்டுமானால், முன்பே ஸ்கேன் செய்த கோப்பு இருக்கிறதா என்பதே முதல் கேள்வியாக இருக்கட்டும். புதிதாக ஸ்கேன் செய்ய வேண்டுமென்றால் நீளத்தை அடியில் சொல்வார்கள். 35 மிமீ சுருளில் ஓர் அடிக்கு 16 ஃபிரேம் என்பதால், 16 ஃபிரேம் வேகத்தில் ஓர் அடி ஒரு வினாடி. 400 அடிச் சுருள் என்றால் 6 நிமிடம் 40 வினாடி. 24 ஃபிரேம் கணக்கில் அதையே நாலரை நிமிடம் என்று சொல்வார்கள். விலைப்புள்ளியில் உள்ள நிமிடம் எந்தக் கணக்கில் போடப்பட்டது என்று கேட்காமல் ஒப்புக்கொள்ளாதீர்கள்.

6. இந்தியாவிலிருந்து பணம் அனுப்பும்போது

தாமதம் பெரும்பாலும் ஏற்படுவது இங்கேதான். வெளிநாட்டு நிறுவனத்துக்குத் திரைப்பட உரிமக் கட்டணம் செலுத்தினால், அது ராயல்டியாகக் கருதப்பட்டு, அனுப்புகிறவரே வருமான வரியைப் பிடித்தம் செய்து கட்ட வேண்டியிருக்கும். பிரிட்டனுடனும் அமெரிக்காவுடனும் உள்ள இரட்டை வரித் தவிர்ப்பு ஒப்பந்தங்களின்படி இத்தகைய ராயல்டிக்கு 15 சதவீதம் என்பது வழக்கமான விகிதம். அந்தச் சலுகையைப் பெற, காப்பகம் தன் நாட்டு வரித்துறையிடமிருந்து வாங்கிய வதிவிடச் சான்றை உங்களுக்குத் தர வேண்டும். அமெரிக்க நிறுவனமாயின் அது 6166 என்ற எண் கொண்ட சான்று. சான்று இல்லையென்றால் உள்நாட்டுச் சட்டத்தின் கூடுதல் விகிதம் பொருந்தும்.

பெரும்பாலான காப்பகங்கள் தங்கள் தொகை முழுமையாக வந்து சேர வேண்டும் என்று ஒப்பந்தத்திலேயே எழுதிவிடும். அப்போது வரிச்சுமை உங்கள் மேல் விழும். 1000 பவுண்டு அவர்களுக்குப் போய்ச்சேர வேண்டுமென்றால், 15 சதவீத விகிதத்தில் உங்கள் மொத்தச் செலவு சுமார் 1176 பவுண்டு. பட்ஜெட்டில் இதை முதலிலேயே சேருங்கள். ஆய்வகக் கட்டணத்தையும் உரிமக் கட்டணத்தையும் விலைப்பட்டியலில் தனித்தனி வரிகளாகப் போடச் சொல்லுங்கள், இரண்டுக்கும் வரி நிலை ஒன்றாக இருக்க வேண்டியதில்லை. தொழில் நோக்கில் வாங்கும் வெளிநாட்டுச் சேவைக்கு ரிவர்ஸ் சார்ஜ் முறையில், அதாவது வாங்குகிறவரே கட்டும் முறையில், ஜிஎஸ்டியும் வரும். விகிதங்களும் படிவ எண்களும் மாறக்கூடியவை, ஆகவே வெளிநாட்டுப் பணப்பரிமாற்றம் செய்து பழகிய ஆடிட்டரிடம் விலைப்புள்ளி நிலையிலேயே காட்டிவிடுங்கள்.

வங்கிக்குக் கொண்டுபோக வேண்டியவை: கையொப்பமிட்ட உரிம ஒப்பந்தம், விலைப்பட்டியல், பான், வெளிநாட்டுப் பணவிடுப்புக்கான ஏ2 படிவம், வருமான வரித் தளத்தில் பதிவுசெய்த பணவிடுப்பு அறிவிப்பு, தேவைப்பட்டால் ஆடிட்டரின் சான்று. வங்கிக் கட்டணத்தை யார் ஏற்பது என்ற கட்டத்தில் "அனுப்புநர்" என்பதைத் தேர்ந்தெடுங்கள். இல்லாவிட்டால் இடைப்பட்ட வங்கி ஒரு தொகையைக் கழித்துக்கொள்ளும், காப்பகத்தின் கணக்கில் சில பவுண்டு குறையும், அந்தச் சில பவுண்டு வந்து சேரும்வரை கோப்பு வராது.

7. கோப்பைப் பெறுதல்

மாதிரிப் பிரதியில் நேரக்குறியீடும் நீர்க்குறியும் பதிந்திருக்கும். படத்தொகுப்பை அதை வைத்தே முடித்து, பயன்படுத்திய ஒவ்வொரு துண்டின் பட்டியல் எண், தொடக்க நேரம், முடிவு நேரம் ஆகியவற்றை அட்டவணையாக்கி அனுப்ப வேண்டும். தேவையான இடத்துக்கு முன்னும் பின்னும் சில வினாடி கூடுதலாகக் கேளுங்கள்.

ஆர்டரில் இந்த மூன்றையும் எழுதுங்கள்: மூலச் சுருளின் ஒவ்வொரு ஃபிரேமும் ஒருமுறை மட்டும் இடம்பெற வேண்டும், அடுத்தடுத்த ஃபிரேம்களைக் கலக்கக் கூடாது, சட்டகத்தின் நான்கு ஓரங்களும் தெரிய வேண்டும். வேகத்தை நீங்களே படத்தொகுப்பு மென்பொருளில் அமைத்துக்கொள்ளலாம். காப்பகமே 25 ஃபிரேமுக்கு மாற்றி, ஃபிரேம்களைக் கலந்து அனுப்பிவிட்டால், ஓங்கிய சம்மட்டிக்குப் பக்கத்தில் அதன் நிழலுருவம் ஒன்று தொங்கிக்கொண்டே வரும், அதைப் பிறகு நீக்க வழியில்லை. எச்டி வெளியீட்டுக்கு 2கே (சுமார் 2000 புள்ளி அகலம்) ஸ்கேனும் புரோரெஸ் என்னும் காணொளிக் கோப்பு வடிவமும் போதும். மாதிரிப் பிரதியும் இறுதித் தரத்தில் வரும் மாஸ்டர் கோப்பும் வேறு வேறு வேகத்தில் இருந்தால் நேரக்குறியீடு பொருந்தாது. அப்போது ஒவ்வொரு துண்டையும் கண்ணால் பார்த்தே பொருத்த வேண்டியிருக்கும், அதற்கும் நாள் ஒதுக்குங்கள்.

8. கால அட்டவணை

இலவசத் தரவிறக்கத்தை மட்டும் நம்பும் படத்துக்கு ஒரு வாரத்தில் காட்சிகளைத் திரட்டிவிடலாம். கட்டணக் காப்பகம் ஒன்று சேர்ந்தாலே மூன்று மாதம் ஒதுக்குங்கள், புதிய ஸ்கேன் தேவை என்றால் ஆறு மாதம். டிசம்பர் பிற்பகுதியிலும், பிரான்சில் ஆகஸ்ட் முழுவதிலும் மடல்களுக்குப் பதில் வராது. வதிவிடச் சான்றுக்கே பல வாரங்கள் ஆகலாம் என்பதால், விலைப்புள்ளியை ஏற்கும் மடலிலேயே அதைக் கேட்டுவிடுங்கள். விழாவுக்கு அனுப்ப வேண்டிய கடைசித் தேதியிலிருந்து பின்னோக்கிக் கணக்கிட்டு, மாஸ்டர் கோப்பு வர வேண்டிய நாளை ஒப்பந்தத்தில் எழுதச் சொல்லலாம். எல்லாக் காப்பகங்களும் ஒப்புக்கொள்வதில்லை, ஆனால் கேட்ட பிறகு வேலை சற்று வேகமாக நகர்கிறது.

இறுதித் தலைப்புகளில் இட வேண்டிய நன்றி வாசகம் ஒப்பந்தத்திலேயே இருக்கும், அதைத் தமிழாக்காமல் அவர்கள் கொடுத்தபடியே இடுங்கள். கூடவே தமிழில் தனியாக எழுத விரும்பினால் முன்னனுமதி கேளுங்கள். படம் முடிந்ததும் ஒரு பிரதியைக் காப்பகத்துக்கு அனுப்ப வேண்டும் என்ற விதியும் பல ஒப்பந்தங்களில் உண்டு. உரிமக் காலம் முடியும் தேதியை நாட்காட்டியில் ஆறு மாதம் முன்னதாகவே குறித்துவையுங்கள், ஏனெனில் காலம் முடிந்தபின் ஓடிடி தளத்தில் படம் இருந்தால் விளக்கம் கேட்கும் கடிதம் உங்களுக்குத்தான் வரும்.